இலங்கை மலைநாட்டின் ஹோட்டன் சமவெளியில் இடுப்பளவு உயரத்தில் நிற்கும் குட்டை மூங்கில் யாரேனும் நட்டதா? அதனால் இயற்கைக்கு என்ன பயன்? வீட்டில் வளர்க்கலாமா?

ஒருவரும் நடவில்லை, அது அங்கு இயற்கையாகவே வளர்வது. திருகோணமலையில் வளர்ந்த எனக்கு மூங்கில் என்றால் ஏணிக்கும் பந்தலுக்கும் வெட்டும் நெடுங்கழிதான் என்பதால், அங்கு முதன்முறை சென்றபோது ஓடையோரத்தில் அடர்ந்து நின்றதை ஏதோ நாணல் என்று எண்ணிக் கடந்துவிட்டேன். திரும்பும் வழியில் தண்டின் கணுக்களைக் கண்ட பின்னரே ஐயம் தீர்ந்தது.

இதன் தாவரவியற் பெயர் குருணா டென்சிபோலியா. நெடுங்காலம் அருண்டினேரியா என்னும் பேரினத்தில் வைக்கப்பட்டிருந்த இதற்கும் இதன் மலைச் சுற்றத்துக்குமாக, மரபணு ஒப்பீட்டின் பயனாய், 2014ஆம் ஆண்டில் குருணா என்ற தனிப் பேரினம் வகுக்கப்பட்டது. இலங்கையிலும் தென்னிந்தியாவிலும் உள்ள மலைகளுக்கு அப்பால் அது இல்லை. ஆயினும் இவை சேர்ந்த பெருங்குழுவில் மிகப் பெரும்பாலானவை சீனம் முதலிய நாடுகளின் குளிர்நில மூங்கில்கள். 2,100 மீற்றருக்கு மேலே, தை மாசி இரவுகளில் புல்நுனியில் உறைபனி படியும் இடத்தில் இது செழிப்பதை அதனோடு சேர்த்துப் பார்க்க வேண்டும்.

சமவெளியின் உலர்ந்த மேடுகளை வேறு புற்கள் பிடித்திருக்க, நீர் தேங்கும் பள்ளங்களும் ஓடைக்கரைகளுமே இதன் இடம். மண்ணுக்கடியில் பின்னிப் படரும் வேர்த்தண்டுக்கிழங்குகள் ஈரமான கரை சரிந்துவிடாமல் பிடித்துக்கொள்கின்றன. மகாவலி, களனி, வளவை ஆகிய மூன்று ஆறுகளுக்கும் தலைநீர் தருவது இந்தச் சமவெளி. அவற்றுள் மகாவலி ஏறத்தாழ 335 கிலோமீற்றர் ஓடி நமது திருகோணமலையின் கொட்டியாரக் குடாவில் கடலைச் சேர்வதால், இந்த மூங்கிலை முற்றிலும் அயலூர்ச் செடி என்று என்னால் ஒதுக்க முடிவதில்லை. அருகிலுள்ள காட்டின் நிழலில் இதன் உறவான குருணா டெபிலிஸ் இன்னும் உயரமாக வளர்ந்து, தரையோடு ஒளிந்து திரியும் சிறு பறவைகளுக்கு மறைவிடமாகிறது.

மூங்கில்களில் பல, பல்லாண்டுகளுக்கு ஒருமுறை ஒருசேரப் பூத்து, விதை உதிர்த்து மடிபவை. ஆகவே ஒரு பற்றை முழுவதும் காய்ந்து நின்றால் நோய் என்று உடனே முடிவுகட்ட வேண்டாம்.

வீட்டில் வளர்க்கும் எண்ணத்தை விட்டுவிடுங்கள். 1988 முதல் தேசியப் பூங்காவாக உள்ள அவ்விடத்தில் ஒரு கிழங்கைக்கூடத் தோண்டக்கூடாது. தோண்டினாலும் நம்மூர்ச் சித்திரை வெயிலை அது தாங்காது. முற்றத்துக்கு மஞ்சள் மூங்கிலே பொருத்தம்.