குடிமை அறம் கற்பிக்கப்படுவதா, பழகி வருவதா? – கேள்வி பதில்

அரசியல் மெய்யியலைப் பல ஆண்டுகளாகக் கற்பித்து வருபவன் என்ற முறையில், குடிமை அறம் குறித்து நண்பர்கள் எழுப்பிய கேள்விகளுக்கு இங்கே விடை எழுதுகிறேன். ஒரே பொருளைத் தொட்ட கேள்விகளைச் சேர்த்து ஒன்றாக்கியிருக்கிறேன்.

கேள்வி: ஐயா, 'குடிமை அறம்' என்று தனியாக ஒன்று தேவையா? நல்ல மனிதராக இருப்பவர் நல்ல குடிமகனாகவும் இருப்பார் அல்லவா?

இதைக் கூர்மையாக ஆராய்ந்தவர் அரிஸ்டாட்டில். 'அரசியல்' நூலின் மூன்றாம் பகுதியில் அவர் ஒரு கப்பலை எடுத்துக்காட்டுகிறார். துடுப்பு வலிப்பவரின் திறமை வேறு, சுக்கான் பிடிப்பவரின் திறமை வேறு. ஆயினும் பயணம் பத்திரமாக முடிய வேண்டும் என்பது அவர்கள் அனைவரின் பொதுப் பணி. அதுபோலக் குடிமகனின் சிறப்பு, தான் வாழும் அரசமைப்பைக் காப்பதோடு பிணைந்தது. ஆகவே அரசமைப்பு மாறும்போது நல்ல குடிமகனின் இலக்கணமும் மாறுகிறது. நல்ல மனிதரின் இலக்கணம் அப்படி மாறுவதில்லை. கொடுமையான ஆட்சி ஒன்று 'நல்ல குடிமகன்' என்று பாராட்டும் ஒருவர் தீய மனிதராக இருக்கக்கூடும் என்பது இதிலிருந்து பெறப்படும். மறுபுறம், குடும்பத்திடமும் அண்டை அயலாரிடமும் அன்பும் நேர்மையும் உடைய ஒருவர், பொதுக்காரியம் எதிலும் தலையிடாமலே வாழ்ந்து முடிக்கவும் கூடும்.

எனவே, பொது நன்மையைத் தன் பொறுப்பாகக் கருதி, அதற்காக நேரத்தையும் உழைப்பையும் சில வேளைகளில் சொந்த ஆதாயத்தையும் விட்டுக்கொடுக்கும் நிலைத்த மனப்பாங்கையே குடிமை அறம் என்கிறேன். ஆளவும் ஆளப்படவும் அறிந்திருத்தல் என்று அரிஸ்டாட்டில் இதைச் சுருக்கமாகச் சொன்னார். இவ்விரண்டில் ஒன்றை மட்டும் அறிந்தவர் அரைக் குடிமகனே.

கேள்வி: அது பிறவிக் குணமா? சிலருக்கு இயல்பிலேயே பொதுநல உணர்வு இருக்கிறது, சிலருக்கு எவ்வளவு சொன்னாலும் வருவதில்லை.

நாம் இன்று வழங்கும் 'குடிமை' என்ற சொல்லே இந்தக் கேள்வியைத் தன்னுள் வைத்திருக்கிறது. திருக்குறளின் 96ஆம் அதிகாரத்தின் பெயர் குடிமை. ஆனால் அங்கே அச்சொல் உயர்ந்த குடியில் பிறந்தவரின் தன்மையைக் குறிக்கிறது. செப்பமும் (நடுவுநிலைமையும்) நாணும் ஒருங்கே இயல்பாக அமைவது நல்ல இல்லத்தில் பிறந்தவரிடம் மட்டுமே என்று அதன் முதற்குறள் கூறுகிறது.

இதற்கு அருகில் பிளேட்டோவின் 'புரோட்டகோரஸ்' உரையாடலை வைத்துப் பாருங்கள். அதில், குடிமை அறத்தைக் கற்பிக்க முடியும் என்று சொல்லிவந்த ஆசிரியரான புரோட்டகோரஸ் ஒரு தொன்மக் கதை சொல்கிறார். மனிதர்கள் நெருப்பையும் கைத்தொழில்களையும் பெற்ற பிறகும், கூடி வாழத் தெரியாமல் ஒருவருக்கொருவர் தீங்கு செய்து அழிந்துகொண்டிருந்தார்கள். கிரேக்கரின் தலைமைக் கடவுளான சூஸ் அவர்களுக்கு நாணத்தையும் நீதியையும் கொடுத்தனுப்பினார். மருத்துவத்தைப் போல ஊருக்கு ஒருவரிடம் கொடுத்தால் போதுமா, எல்லோருக்கும் பகிர்ந்தளிக்க வேண்டுமா என்று தூதர் கேட்டபோது, எல்லோருக்கும் கொடு, சிலரிடம் மட்டும் இருந்தால் நகரங்களே நிலைக்க மாட்டா என்று விடை வந்தது. செப்பமும் நாணும், நீதியும் நாணமும் என ஏறக்குறைய அதே இரண்டு பண்புகள்தாம் இரு இடங்களிலும் பேசப்படுகின்றன. ஓரிடத்தில் அவை பிறந்த குடியின் சொத்து. மற்றோரிடத்தில் மனிதராய்ப் பிறந்த அனைவரின் சொத்து. மக்களாட்சி இரண்டாவது நிலைப்பாட்டின்மீதுதான் நிற்க முடியும்.

எல்லோருக்கும் வித்து உண்டு என்பதால் விளைச்சல் தானாக வந்துவிடாது என்பதையும் புரோட்டகோரஸ் அறிந்திருந்தார். குழந்தைக்குத் தாய்மொழியைக் கற்பிக்கும் ஆசிரியர் யார் என்று கேட்டால் ஒருவரையும் சுட்டிக்காட்ட இயலாது, ஏனெனில் சுற்றியிருக்கும் எல்லோருமே ஆசிரியர்கள். குடிமை அறமும் அப்படித்தான் என்பது அவர் வாதம். பெரிக்ளிஸ் போன்ற பெரிய தலைவர்களால் தம் பிள்ளைகளுக்கே இந்தச் சிறப்பைக் கற்பிக்க முடியவில்லையே என்று அதே உரையாடலில் சாக்ரடீஸ் எழுப்பிய ஐயமும் எளிதில் தள்ளிவிடக் கூடியதன்று. அதற்கு அரிஸ்டாட்டில் தரும் விடையே எனக்கு நிறைவளிக்கிறது. வீடு கட்டிக் கட்டியே ஒருவர் கொத்தனாராகிறார், யாழ் வாசித்து வாசித்தே யாழ்க்கலைஞராகிறார். அதுபோல நீதியான செயல்களைச் செய்து செய்தே நீதியுடையவராகிறார். தந்தையின் புகழ் மகனுக்கு இந்தப் பழக்கத்தைத் தந்துவிடாது.

கேள்வி: நான் பள்ளியில் குடிமையியல் கற்பிக்கிறேன். கடமைகளைப் பற்றி மாணவர்கள் தேர்வில் அழகாக எழுதுகிறார்கள். நடத்தையில் ஒன்றும் தெரிவதில்லை. என் கற்பித்தலில் குறை உள்ளதா?

குறை உங்களுடையது அல்ல, அம்மா. நீந்துவது எப்படி என்பதைப் பாடமாக மட்டும் படித்தவர் ஆற்றில் இறங்கும்போது என்ன நிகழுமோ அதுவே இங்கும் நிகழ்கிறது.

பண்டைய கிரேக்க நகர அரசான ஏதென்ஸைப் பாருங்கள். அங்கே ஐந்நூற்றுவர் மன்றத்துக்கு ஆண்டுதோறும் முப்பது வயது கடந்த குடிமக்கள் குலுக்கல் முறையில் தெரிவு செய்யப்பட்டார்கள். வாழ்நாளில் ஒருவர் இருமுறைக்கு மேல் அப்பொறுப்பை ஏற்க முடியாது. நீதிமன்றங்களுக்கென ஆண்டுதோறும் ஆறாயிரம் பேர் குலுக்கலில் எடுக்கப்பட்டார்கள். சராசரி மனிதர் ஒருவர் தம் வாழ்நாளில் எங்கேனும் ஓரிடத்தில் பொது முடிவு ஒன்றை எடுத்தே தீர வேண்டிய ஏற்பாடு அது. 1835இல் வெளிவந்த 'அமெரிக்காவில் மக்களாட்சி' நூலின் முதற்பாகத்தில், சாதாரணக் குடிமக்களே வழக்கில் தீர்ப்புச் சொல்லும் அமெரிக்க நடுவர் குழு முறையைப் பற்றி பிரெஞ்சுச் சிந்தனையாளர் அலெக்சி டி டோக்வில் எழுதியதும் இதே பொருளைத்தான். அம்முறையால் வழக்காடுபவர்களுக்கு நன்மை உண்டா என்பது ஐயத்துக்குரியது, ஆனால் தீர்ப்புச் சொல்ல அமர்பவர்களுக்கு அது எப்போதும் திறந்திருக்கும் பள்ளி என்றார் அவர். தன் நலம் தொடர்பற்ற ஒரு செய்தியில் இரு தரப்பையும் கேட்டு, பிறர் வாழ்வைப் பாதிக்கும் முடிவைத் தன் பெயரால் சொல்ல நேரும்போது ஒரு மனிதருக்குள் ஏதோ ஒன்று முதிர்கிறது. ஆங்கிலேய மெய்யியலாளர் ஜான் ஸ்டூவர்ட் மில் 1861இல் எழுதிய பிரதிநிதித்துவ ஆட்சி பற்றிய நூலிலும் இக்கருத்து மையமானது.

ஆகவே, உங்கள் வகுப்பில் மாணவர்கள் உண்மையாகவே முடிவெடுக்கக் கூடிய ஒரு செய்தியாவது இருக்கட்டும். அவர்கள் முடிவு தவறாகப் போனால் அதன் விளைவை அவர்களே சுமந்து திருத்திக்கொள்ளவும் விடுங்கள். முடிவை முன்பே நீங்கள் எடுத்துவிட்டு வாக்கெடுப்பு மட்டும் நடத்துவீர்களானால், பொதுவாழ்வு என்பது நடிப்பு என்ற பாடத்தை அவர்கள் மிக நன்றாகக் கற்றுக்கொள்வார்கள்.

கேள்வி: அரசு குடிமக்களை 'வடிவமைப்பது' என்ற பேச்சே எனக்கு அச்சமூட்டுகிறது. ஸ்பார்ட்டா அதைத்தானே செய்தது?

உங்கள் அச்சம் நியாயமானது. பண்டைய கிரேக்க நகர அரசான ஸ்பார்ட்டா ஆண் குழந்தைகளை ஏழு வயதில் வீட்டிலிருந்து பிரித்து, கூட்டாக, கடுமையாக வளர்த்தது. துணிவும் கட்டுப்பாடும் உடைய போர்வீரர்களை அது உருவாக்கியது; போருக்கு மட்டுமே பயின்ற அவர்கள் அமைதிக்காலத்தில் வாழத் தெரியாதவர்களானார்கள் என்று அரிஸ்டாட்டிலே குறை சொன்னார். பிற்காலத்தில், பதினெட்டாம் நூற்றாண்டுச் சிந்தனையாளர் ரூசோ ஸ்பார்ட்டாவைப் பெரிதும் வியந்தார். போலந்துக்காக அவர் எழுதிய ஆலோசனையில், குழந்தை கண் திறந்த நாள் முதல் தாய்நாட்டையே காண வேண்டும் என்கிறார். அந்த வரிகளைப் படிக்கும்போதெல்லாம், அந்தக் குழந்தை வேறெதையும் காணாமல் போய்விடுமே என்ற கவலை எனக்கு எழுகிறது.

மில்லுக்கும் இக்கவலை இருந்தது. எல்லோருக்கும் கல்வி கிடைப்பதை அரசு கட்டாயமாக்க வேண்டும், ஆனால் எல்லோருக்கும் ஒரே கல்வியை அரசே புகட்டினால் மனிதர்களை ஒரே அச்சில் வார்க்கும் கருவியாக அது மாறிவிடும் என்று 1859இல் அவர் எழுதினார். இதே சிக்கல் அமெரிக்க உச்ச நீதிமன்றத்தின் முன் வழக்காகவே வந்தது. கொடி வணக்கம் செய்ய மறுத்த யெகோவாவின் சாட்சிகள் சபையைச் சேர்ந்த மாணவர்களைப் பள்ளிகள் வெளியேற்றியபோது, 1940இல் அந்நீதிமன்றம் பள்ளிகளின் பக்கம் நின்றது. மூன்றே ஆண்டுகளில், 1943இல், தன் தீர்ப்பைத் தானே மாற்றிக்கொண்டு, எந்த அதிகாரியும் குடிமகன் எதை நம்ப வேண்டும் என்று விதித்துச் சொல்லவோ, நம்பிக்கையை வாயால் அறிக்கையிடக் கட்டாயப்படுத்தவோ முடியாது என்றது. நாடு பெரும்போரில் இருந்த காலத்தில் அத்தீர்ப்பு வந்தது என்பதால் அதன்மீது எனக்கு மதிப்பு கூடுகிறது.

வளர்ப்புக்கும் வார்ப்புக்கும் இடையே நான் வைக்கும் அளவுகோல் ஒன்றுதான். இந்தப் பயிற்சியில் வளர்ந்த குடிமகனால், தன்னை வளர்த்த அரசையே பார்த்து "நீ செய்வது தவறு" என்று சொல்ல முடிகிறதா? முடிகிறது என்றால் அது வளர்ப்பு. அந்தச் சொல் அவர் நாவில் வராதபடி பழக்கப்பட்டிருந்தால், கீழ்ப்படிதலுக்கு அறம் என்ற பெயர் சூட்டப்பட்டிருக்கிறது.

கேள்வி: இவ்வளவு சிரமம் எதற்கு? சட்டங்களைச் சரியாக அமைத்தால் சுயநலக்காரர்களைக்கூட ஒழுங்காக நடக்க வைக்கலாமே.

இக்கருத்துக்குப் பெரிய ஆதரவாளர்கள் உண்டு. அறிவு மட்டும் இருந்தால் போதும், பேய்களின் கூட்டத்துக்குக்கூட அரசமைப்புச் சிக்கலைத் தீர்த்துவிட முடியும் என்று ஜெர்மானிய மெய்யியலாளர் இம்மானுவேல் காண்ட் 1795இல் எழுதினார். ஒருவரின் அதிகார ஆசையை மற்றவரின் அதிகார ஆசையால் தடுக்கும் அமைப்பை, அமெரிக்க அரசமைப்புச் சட்டத்தை உருவாக்கியவர்களில் ஒருவரான ஜேம்ஸ் மேடிசன் முன்வைத்தார். ஆனால் அதே மேடிசன், 1788 ஜூன் மாதம் வர்ஜீனியாவில் அரசமைப்புச் சட்டத்துக்கு ஒப்புதல் பெறும் அவையில் பேசியபோது, மக்களிடம் அறமே இல்லையென்றால் எந்த ஆட்சிமுறையும் நம்மைக் காப்பாற்றாது என்றார். சட்டத்தை நிறைவேற்றுபவரும் மனிதரே. அவரைக் கண்காணிப்பவரும் மனிதரே. அந்தச் சங்கிலியில் எங்கோ ஓரிடத்தில், யாரும் பார்க்காதபோதும் சரியாக நடப்பவர் ஒருவர் தேவைப்படுகிறார்.

சட்டம் அறத்துக்குத் துணை நிற்பதற்கு மாறாக அதைத் துரத்தியும் விடலாம். இஸ்ரேலின் ஹைஃபா நகரில் பத்துக் குழந்தைக் காப்பகங்களில் நடந்த ஓர் ஆய்வு 2000இல் வெளியானது. பிள்ளைகளை அழைத்துச்செல்லத் தாமதமாக வரும் பெற்றோருக்குச் சில காப்பகங்களில் அபராதம் விதிக்கப்பட்டது. தாமதம் குறையவில்லை, ஏறக்குறைய இரு மடங்கானது. அதுவரை, காத்திருக்கும் ஆசிரியையைச் சிரமப்படுத்துகிறோமே என்ற கூச்சம் இருந்தது. அபராதம் வந்ததும் அது விலையாகிவிட்டது, விலை கொடுத்தவருக்குக் கூச்சம் ஏது? அபராதத்தை நீக்கிய பிறகும் பழைய நிலை திரும்பவில்லை என்பதே எனக்கு அதிர்ச்சி தந்த செய்தி. ஆணையாலும் தண்டனையாலும் மட்டும் மக்களை நடத்தினால், தண்டனைக்குத் தப்புவார்கள், நாணம் இழப்பார்கள் என்று கன்ஃபூசியஸ் சொன்னதாக அவர் மாணவர்கள் தொகுத்த உரைகளில் வருகிறது.

கேள்வி: குடிமை அறம் இருந்தால் பூசலே இருக்காது, ஒற்றுமை நிலவும் என்கிறார்களே?

நான் அப்படி எண்ணவில்லை. ரோமில் பொதுமக்களுக்கும் உயர்குடியினரின் அவையான செனட்டுக்கும் இடையே நடந்த ஓயாத மோதல்களைப் பலர் இழிவாகப் பேசியபோது, அம்மோதல்களிலிருந்துதான் ரோமின் விடுதலையைக் காத்த நல்ல சட்டங்கள் பிறந்தன என்று இத்தாலியச் சிந்தனையாளர் மாக்கியவெல்லி வாதிட்டார். ஓசையற்ற ஒற்றுமையைக் கண்டால் அங்கே யார் வாயடைக்கப்பட்டிருக்கிறார் என்று தேடிப்பார்ப்பது நல்லது.

கேள்வி: இந்தச் சிந்தனை முழுவதும் ஆண்களுக்காக, அதுவும் அடிமைகளை வைத்திருந்த ஆண்களுக்காக எழுதப்பட்டது. அதை நாங்கள் ஏன் மதிக்க வேண்டும்?

நீங்கள் சொல்வது உண்மை. ஏதென்ஸின் மன்றங்களில் பெண்களுக்கும் அடிமைகளுக்கும் வெளியூரிலிருந்து வந்து குடியேறியவர்களுக்கும் இடமில்லை. குடிமகனுக்குக் கிடைத்த ஓய்வு நேரம் பிறருடைய உழைப்பிலிருந்து எடுக்கப்பட்டது. அதை மறைத்துவிட்டு அந்நகரத்தைப் புகழ்வது நேர்மையாகாது.

ஆயினும் இக்கருத்தின் உள்வலிமையைக் கொண்டே அதன் வேலியை உடைத்தவர் ஒருவர் உண்டு. ஆங்கிலேய எழுத்தாளர் மேரி உல்ஸ்டன்கிராஃப்ட் 1792இல் பெண்களின் உரிமைகளை நிலைநாட்டி எழுதிய நூலில், பிறரைச் சார்ந்தே வாழ நேர்பவரிடம் அறம் வளர முடியாது என்ற பழைய குடியரசுக் கோட்பாட்டை எடுத்துக்கொள்கிறார். சார்ந்திருப்பவர் தந்திரத்தையும் முகத்துதியையும்தான் கற்பார். பெண்களைச் சார்ந்திருக்க வைத்துவிட்டு, அவர்களிடம் பொதுநல உணர்வு இல்லை என்று குறைகூறுவது எவ்வளவு பெரிய அநீதி என்று அவர் கேட்டார். ஆணும் பெண்ணும் சேர்ந்து படிக்கும் பகல்நேரப் பொதுப்பள்ளிகளையும் அந்நூலில் அவர் கேட்டார். ஒருவரிடம் அறத்தை எதிர்பார்க்கும் முன் அவருக்குப் பங்கும் தற்சார்பும் கொடுத்தோமா என்ற அவருடைய கேள்வி, ஒதுக்கிவைக்கப்பட்ட எல்லா மக்களுக்கும் பொருந்தும்.

கேள்வி: எனக்கு அரசியலில் ஈடுபாடு இல்லை. என் வேலை, என் குடும்பம், என் இசை என்று வாழ்வது குற்றமா?

குற்றமில்லை. அமெரிக்க மெய்யியலாளர் ஜான் ரால்ஸ் 1993இல் வெளியிட்ட நூலில் செய்த பிரிவினை உங்களுக்கு உதவும். அரசியல் வாழ்வே மனித வாழ்வின் உச்சம் என்பது ஒரு கருத்து. அதை அவர் ஏற்கவில்லை. தம் உரிமைகளைக் காத்துக்கொள்ளக் குடிமக்கள் பொதுவாழ்வில் போதிய அளவு ஈடுபட்டே ஆக வேண்டும் என்பது மற்றொன்று. அதோடு அவருக்குப் பிணக்கில்லை. அரசியல் சிந்தனையாளர் பெஞ்சமின் கான்ஸ்டண்ட் 1819இல் பாரிஸில் ஆற்றிய உரையிலும் இதே எச்சரிக்கை உண்டு. தனிவாழ்வின் இன்பத்தில் மூழ்கி, அரசியல் அதிகாரத்தில் நமக்குள்ள பங்கை எளிதாக விட்டுக்கொடுத்துவிடுவோம் என்பதே புதிய காலத்தின் ஆபத்து என்றார் அவர். உங்கள் இசையும் எவரோ காத்துத் தரும் சுதந்திரத்தில்தான் ஒலிக்கிறது.

கேள்வி: நல்ல குடிமக்களை நல்ல நிறுவனங்கள் உருவாக்குகின்றன, நல்ல நிறுவனங்களை நல்ல குடிமக்கள் உருவாக்குகிறார்கள் என்கிறீர்கள். இரண்டும் கெட்டுப்போன இடத்தில் எங்கிருந்து தொடங்குவது?

இத்துறையின் மிகக் கடினமான கேள்வி இது. நல்லொழுக்கம் நிலைக்கச் சட்டங்கள் வேண்டும், சட்டங்கள் மதிக்கப்பட நல்லொழுக்கம் வேண்டும் என்று மாக்கியவெல்லி இந்தச் சுழலை வரைந்து காட்டி, சீரழிந்த நகரத்தை மீட்பது ஏறக்குறைய இயலாது என்ற அளவுக்குப் போனார். விளைவே காரணமாக மாற வேண்டியிருக்கிறதே என்று ரூசோ திகைத்து, அசாதாரணமான சட்டமியற்றுநர் ஒருவரை வரவழைத்தார். அப்படியொரு மாமனிதருக்காகக் காத்திருக்கும் மக்கள், காத்திருக்கும் பழக்கத்தையே கற்கிறார்கள் என்பது என் கருத்து.

டோக்வில் காட்டிய வழி சிறியது, ஆனால் நடக்கக் கூடியது. சாலையில் தடை ஏற்பட்டால் அண்டை வீட்டார் கூடிப் பேசி, தங்களுக்குள் ஒரு குழு அமைத்து, அதிகாரியை எதிர்பாராமல் சரிசெய்வதை அவர் அமெரிக்காவில் கண்டு வியந்தார். அந்தக் குழுவுக்கு வந்தவர்கள் அறவோராக வரவில்லை. தம் வண்டி போக வேண்டும் என்று வந்தார்கள். வந்த இடத்தில் கணக்கு எழுத, முறை வைத்துப் பேச, தோற்ற கருத்தை விட்டுக்கொடுக்க, கொடுத்த வாக்கின்படி மறுநாளும் வரப் பழகினார்கள். கெட்டுப்போன இடங்களிலும் இத்தனை சிறிய அமைப்பு ஒன்று, கணக்கை எல்லோரும் பார்க்கலாம் என்ற ஒரே விதியோடு, பெரும்பாலும் சாத்தியமே. உங்களைச் சுற்றி அப்படி ஏதேனும் ஏற்கெனவே இருக்கிறதா என்று முதலில் பாருங்கள்; இருந்தால் அதன் அடுத்த கூட்டத்துக்குப் போய், கணக்கேட்டைக் காட்டச் சொல்லிக் கேளுங்கள்.