கைக்குட்டையை எரித்தவர்

அன்புள்ள ஐயா,

அரசு எதிலும் தலையிடக் கூடாது, சந்தையைக் ‘கண்ணுக்குத் தெரியாத கை’ பார்த்துக்கொள்ளும் என்பதுதான் பொருளாதார அறிஞர் ஆடம் ஸ்மித்தின் கொள்கை என்று எம்.பி.ஏ. வகுப்பில் படித்தேன். அவரே சுங்க அதிகாரியாக இருந்தாராமே? இது இரட்டை வேடம் இல்லையா?

ரா., ஈரோடு

அன்புள்ள ரா.,

இருந்தார். அவருடைய ‘நாடுகளின் செல்வம்’ புத்தகம் வெளிவந்தது 1776-ல். இரண்டு வருடம் கழித்து ஸ்காட்லாந்தின் சுங்க ஆணையர்களில் ஒருவரானார். வேலையில் சேர்ந்ததும் இறக்குமதித் தடைப் பட்டியலைப் புரட்டியிருக்கிறார். பார்த்தால், அவருடைய கழுத்துத்துணி, கைக்குட்டை என்று ஏறக்குறைய எல்லாமே தடை செய்யப்பட்ட சரக்கு! முன்மாதிரியாக இருக்கட்டும் என்று அத்தனையையும் எரித்துவிட்டார். 1780-ல் வில்லியம் ஈடன் என்ற பிரிட்டிஷ் அரசியல்வாதிக்கு எழுதிய கடிதத்தில் இதைச் சொல்லிவிட்டு, ‘உங்கள் துணிமணியையோ உங்கள் மனைவியுடையதையோ சோதித்துப் பார்க்காதீர்கள், நீங்களும் மாட்டிக்கொள்வீர்கள்’ என்கிற மாதிரி கிண்டலும் செய்கிறார். தடைகளை எடுத்துவிட்டு மிதமான வரி போடுங்கள் என்பதே அந்தக் கடிதத்தில் அவர் கேட்டது. வரியே கூடாது என்று அவர் சொன்னதில்லை. இரட்டை வேடமாக எனக்குப் படவில்லை.

அந்தக் ‘கை’ அவ்வளவு பெரிய புத்தகத்தில் ஒரே ஒரு இடத்தில்தான் வருகிறது. அதுவும், வியாபாரி தன் முதலுக்குப் பாதுகாப்பு வேண்டும் என்று அதை உள்நாட்டுத் தொழிலில் போடுவதைப் பற்றிப் பேசும்போது.

அவருடைய கோபமெல்லாம் அரசைக் கைக்குள் போட்டுக்கொண்டு ஏகபோகம் வாங்கிய வியாபாரிகள் மேல். கிழக்கிந்தியக் கம்பெனியை அவர் விட்டுவைக்கவில்லை. ஏகபோக வணிகக் கம்பெனியின் ஆட்சிதான் எந்த நாட்டுக்கும் அநேகமாக மிக மோசமான ஆட்சி என்று எழுதினார்.

அப்புறம் 20-ஆம் நூற்றாண்டு. திட்டமிட்ட பொருளாதாரத்தோடு மல்லுக்கு நின்ற மில்டன் ஃப்ரீட்மன் போன்ற சிகாகோ பல்கலைக்கழகப் பொருளாதாரக்காரர்களுக்கு ஸ்மித் கைகொடுத்தார். அரசைச் சாடும் பக்கங்களும் அவரிடம் நிறைய உண்டு, அவர்கள் இட்டுக்கட்டவில்லை. ஆனால் வியாபாரியைச் சாடும் பக்கங்கள் மெதுவாகப் பின்னால் போய்விட்டன. உங்கள் வகுப்புக்கு வந்துசேர்ந்தது மிச்சம் இருந்த பாதி.

சரி, ஒரு வேலை செய்யுங்கள். வட்டிக்கு 5 சதவீதம் என்ற சட்ட உச்சவரம்பை ஸ்மித் ஆதரித்தது ஏன் என்று ஆசிரியரிடம் கேட்டுப் பாருங்கள். வட்டி 8, 10 என்று ஏறினால் ஊதாரிகளுக்கும் ஆகாசக்கோட்டை கட்டுகிறவர்களுக்கும்தான் கடன் போகும் என்பது அவர் கணக்கு. அதை மறுத்து, அவரைவிடத் தீவிரமான சந்தைக்காரராக 1787-ல் ஆங்கிலேயத் தத்துவவாதி ஜெரமி பெந்தம் ஒரு புத்தகமே போட்டார்.