கையைப் பிடித்துக்கொண்டவனுக்கும் தண்டனை உண்டா?

கேள்வி: எங்கள் ஊர்ப் பொங்கல் விழாவில் என் தம்பியை நான்கு பேர் அடித்துவிட்டார்கள். ஒருவன் இரும்பு பைப்பால் அடித்தான். இரண்டு பேர் ஆளுக்கொரு கையைப் பிடித்துக்கொண்டார்கள். நான்காமவன், ஓடிப்போன எங்களை வழிமறித்து நின்றான். தம்பிக்கு இடது கை எலும்பு முறிந்து, முன்பல் ஒன்றும் உடைந்துவிட்டது. ஆனால் எஃப்.ஐ.ஆரில் பைப் வைத்திருந்தவன் பெயர் மட்டும்தான் இருக்கிறது. அதுவும் சாதாரண காயம் என்று. “மத்தவங்க அடிக்கலையே” என்கிறார்கள். ராஜியாகப் போகச் சொல்லி ஊரில் நெருக்குகிறார்கள். என்ன செய்வது?
– ஒரு வாசகி, விருதுநகர் மாவட்டம்

பதில்: தம்பியின் கையைப் பிடித்தார்களே, அதனால்தானம்மா அந்த பைப் குறி தப்பாமல் விழுந்தது. சட்டமும் அப்படித்தான் பார்க்கிறது. பொது எண்ணத்தோடு பலர் சேர்ந்து ஒரு குற்றம் செய்தால், ஒவ்வொருவரும் தனியாளாகவே அதைச் செய்ததாகக் கருத வேண்டும் என்கிறது இப்போதைய குற்றவியல் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 3(5) பிரிவு. பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் இது 34. 1923-இல் கல்கத்தாவின் சங்கரிதோலா அஞ்சலகத்தில் போஸ்ட்மாஸ்டர் சுட்டுக் கொல்லப்பட்ட வழக்கில், பரேந்திர குமார் கோஷ் என்பவர் “நான் வெளியேதான் நின்றேன், சுடவில்லை” என்று வாதாடினார். அன்றைக்குக் கடைசி மேல்முறையீட்டு மன்றமாக லண்டனில் இருந்த பிரிவி கவுன்சில் வரை போயும் அந்த வாதம் எடுபடவில்லை. வழிமறித்தவனுக்கும் இது பொருந்தும். ஆனால் மற்ற மூவரின் எண்ணம் அவனுக்கும் இருந்தது என்று சாட்சியத்தில் வர வேண்டும். அதற்கு முன்கூட்டியே திட்டம் போட்டிருக்க வேண்டியதில்லை, அந்த இடத்திலேயே உருவானாலும் போதும். ஐந்து பேர் இருந்திருந்தால் சட்டவிரோதக் கூட்டம் என்ற பிரிவுகளும் சேர்ந்திருக்கும். உங்கள் வழக்கில் நான்கு பேர்தான்.

அடுத்து, இது சாதாரண காயமே இல்லை. எலும்பு முறிந்தாலும் பல் உடைந்தாலும் 116-ஆவது பிரிவின்படி அது கொடுங்காயம். வெறும் கையால் செய்திருந்தால் 117(2): ஏழாண்டு வரை சிறை, அபராதம். உயிரைப் பறிக்கக்கூடிய ஆயுதத்தால் செய்தால் 118(2): குறைந்தது ஓராண்டு, அதிகபட்சம் பத்தாண்டு அல்லது ஆயுள், கூடவே அபராதம். இரும்பு பைப் இதில் வரும் என்றே நான் வாதாடுவேன். (இதெல்லாம் 2024 ஜூலை 1 முதல் நடந்த சம்பவங்களுக்கு. அதற்கு முந்தையது என்றால் பழைய சட்டத்தின் 325, 326.) தண்டனை சொல்லும்போது யார் எந்த அளவுக்குச் செய்தார்கள் என்று நீதிபதி பார்ப்பார்; நால்வருக்கும் ஒரே அளவு கிடைக்கும் என்று எதிர்பார்க்காதீர்கள்.

இனி நான் முக்கியமாக நினைப்பதைச் சொல்கிறேன். அன்று இரவு மருத்துவமனையில் போட்ட ஆக்சிடென்ட் ரிஜிஸ்டர், அதாவது ஏ.ஆர். காப்பியை வாங்கிப் பாருங்கள். ‘தெரிந்த நான்கு நபர்கள் இரும்பு பைப்பால் தாக்கியதாக’ என்று இருக்கிறதா, ‘ஒரு நபர்’ என்று இருக்கிறதா? அந்த ஒரு வரியை வைத்துத்தான் எதிர்த்தரப்பு வக்கீல் குறுக்கு விசாரணையில் பிடிப்பார். பல வருடங்களுக்கு முன் நான் பார்த்த ஒரு வழக்கில், பயந்துபோன தாய் டாக்டரிடம் “படியில விழுந்துட்டான்” என்று சொல்லிவிட்டார். தாடை உடைந்த பையன் அது. மூன்று பேரும் விடுதலை. அந்த அம்மா கோர்ட் வராந்தாவில் உட்கார்ந்து அழுதது இன்னும் என் கண்ணில் நிற்கிறது.

எக்ஸ்ரே, பல் மருத்துவரின் அறிக்கை, காயச் சான்றிதழ் எல்லாவற்றின் நகலையும் விசாரணை அதிகாரியிடம் எழுத்து மூலம் கொடுத்து, பிரிவை மாற்றி நீதிமன்றத்துக்கு ஆல்டரேஷன் ரிப்போர்ட் அனுப்பக் கேளுங்கள். தம்பியின் வாக்குமூலத்தில் எந்தக் கையை யார் பிடித்தார், யார் வழிமறித்தார் என்று தனித்தனியாக வரட்டும். அசையவில்லை என்றால் மாவட்ட எஸ்.பி.க்கு ஸ்பீடு போஸ்டில் புகார். அப்புறம் மாஜிஸ்திரேட்டிடம் மனு. வக்கீல் வைக்க வசதி இல்லையென்றால் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள். 15100 என்ற எண்ணிலும் கேட்கலாம்.

ஒன்று கேட்டுக்கொள்கிறேன்: கோபத்தில், அங்கே இல்லாத அவர்களுடைய அண்ணன், அப்பா பெயரையும் புகாரில் சேர்த்துவிடாதீர்கள். ஒரு பெயர் பொய் என்று தெரிந்தால் உண்மையான நான்கு பெயர் மீதும் சந்தேகம் விழும். அது நியாயமும் இல்லை.

ராஜி விஷயம். 117(2) என்றால் நீதிமன்ற அனுமதியோடு தம்பி சமரசம் செய்துகொள்ளலாம். 118(2) சமரசத்துக்கு உரிய குற்றங்களின் பட்டியலிலேயே இல்லை. ஊரில் எழுதும் பேப்பரால் வழக்கு முடியாது. வைத்தியச் செலவுக்காகத்தான் யோசிக்கிறீர்கள் என்றால், தண்டனை விதிக்கும்போதே இழப்பீடு தரவும் நீதிமன்றம் உத்தரவிடலாம். மருந்து பில், கூலி போன நாள்களின் கணக்கு எல்லாவற்றையும் இன்றிலிருந்தே ஒரு ஃபைலில் போட்டு வையுங்கள்.