“நீ இங்கே வேலையே பார்க்கலையே!” – சம்பளப் பாக்கி: கேள்வி-பதில்

இந்த முறை வந்த கேள்விகளில் பெரும்பாலானவை ஒரே ரகம். சம்பளம் பாக்கி, போய்க் கேட்டால் “நீ யாரு?” என்கிறார்கள்.

திருப்பூர் பனியன் கம்பெனி ஒன்றில் நான்கு வருடம் செக்கிங் வேலை பார்த்தேன். வாரச் சம்பளம், கையில் ரொக்கம். அப்பாயின்ட்மென்ட் ஆர்டர், பி.எஃப். எதுவும் கிடையாது. ஏழு வாரச் சம்பளம் வரவில்லை. நான் அங்கே வேலையே பார்க்கவில்லை என்கிறார் முதலாளி.

ஆர்டர் இல்லை என்பதற்காக நீங்கள் தொழிலாளி இல்லை என்று ஆகிவிடாதும்மா. ஆனால் வேலை பார்த்ததை நிரூபிக்கும் பொறுப்பு உங்களுடையது. நீலகிரி கூட்டுறவு விற்பனைச் சங்க வழக்கில் 2004-ல் உச்ச நீதிமன்றம் அப்படித்தான் சொன்னது. அதைக் காட்டிவிட்டால் சுமை அந்தப் பக்கம் போய்விடும். 2025 நவம்பர் 21 முதல் நடைமுறையில் இருக்கும் ஊதியச் சட்டத்தொகுப்பின் 59-ம் பிரிவுப்படி, சம்பளம் கொடுத்தாயிற்று என்று முதலாளிதான் நிரூபிக்க வேண்டும். பலர் மனுவில் எவ்வளவு பாக்கி என்பதைப் பக்கம் பக்கமாக எழுதிவிட்டு, வேலை பார்த்ததற்கு ஒரு வரிகூட எழுதாமல் வருகிறார்கள்.

“நான் வேலை பார்த்தேன்” என்று நீங்களே பிரமாண வாக்குமூலம் கொடுத்தால் மட்டும் போதாது. 240 நாள் வேலை பார்த்ததாகச் சொன்ன ஒருவரின் வழக்கில் 2002-லேயே உச்ச நீதிமன்றம் இதைச் சொல்லிவிட்டது. அதனால் சில்லறை ஆதாரங்களைச் சேருங்கள். தீபாவளி அட்வான்ஸை சூப்பர்வைசர் ஜிபே-யில் அனுப்பியிருப்பார். “நாளைக்கு நைட் ஷிஃப்ட் இருக்கு” என்று வாட்ஸ்அப் குரூப்பில் போட்டிருப்பார். அங்கிருந்து நின்றுவிட்ட சக தொழிலாளிகள் பயமில்லாமல் சாட்சி சொல்வார்கள். ஒரு வழக்கில் எங்களைக் கரையேற்றியது டீக்கடைக்காரரின் பற்று நோட்டு. எந்த செக்ஷனுக்கு எத்தனை டீ, வாங்கிப் போனது யார் என்று தினமும் எழுதி, ஓரத்தில் என் கட்சிக்காரரிடம் இனிஷியல் வாங்கியிருந்தார். சனிக்கிழமைதோறும் அந்தப் பற்றைத் தீர்த்தது கம்பெனி.

இன்னொன்று, பலரும் கோட்டை விடுவது: வருகைப் பதிவேட்டையும் சம்பளப் பதிவேட்டையும் முதலாளி தாக்கல் செய்யவேண்டும் என்று தனி மனு போடுங்கள். எந்தப் பதிவேடு, எந்த மாதம் முதல் எந்த மாதம் வரை என்று குறிப்பிட்டுக் கேளுங்கள். தினக்கூலிகள் கையில் பெரும்பாலும் காகிதம் இருக்காது என்பதை ஆர்.எம். எல்லட்டி வழக்கில் (2005) உச்ச நீதிமன்றமே ஏற்றுக்கொண்டது. கேட்டும் பதிவேட்டைக் காட்டாவிட்டால், அதை வைத்தே அவருக்கு எதிராக முடிவெடுக்க வழி உண்டு. தானாக நடந்துவிடாது, சூழ்நிலையைப் பொறுத்தது. ஆனால் நீங்கள் கேட்காமல் இருந்தால் அந்த வழியும் அடைபடும்.

பீஸ் ரேட்டில் தைக்கிறேன். “இஷ்டப்பட்டா வருவார், இல்லேன்னா வரமாட்டார், இவர் எங்க ஆள் இல்லை” என்கிறார்கள்.

1973-லேயே தீர்ந்த வாதம் இது. சில்வர் ஜூபிலி டெய்லரிங் ஹவுஸ் வழக்கில் பீஸ் ரேட் தையல்காரர்களையும் ஊழியர்கள் என்றே உச்ச நீதிமன்றம் முடிவு செய்தது. மெஷின் கடையுடையது, தையல் சரியில்லை என்றால் பிரித்துத் தைக்கச் சொல்லும் அதிகாரமும் கடைக்காரருக்கு இருந்தது. உங்கள் மெஷின் யாருடையது, சரியில்லை என்று பீஸைத் திருப்பிக் கொடுப்பது யார்? அதை எழுதுங்கள்.

ஏஜென்சி மூலம் ஒரு மில்லில் செக்யூரிட்டி வேலை பார்த்தேன். ஏஜென்சிக்காரர் போனையே எடுப்பதில்லை. மில்காரர் கைவிரிக்கிறார்.

இருவரையும் எதிர்மனுதாரராகச் சேருங்கள். சம்பளம் கொடுக்க வேண்டியவர் கொடுக்கத் தவறினால், வேலை நடந்த நிறுவனத்தின் உரிமையாளர் பொறுப்பு என்று ஊதியச் சட்டத்தொகுப்பின் 43-ம் பிரிவு சொல்கிறது. வண்டி உள்ளே வந்தது, வெளியே போனது என்று கேட் நோட்டில் எழுதியது நீங்கள்தானே? அந்த நோட்டைத் தாக்கல் செய்யச் சொல்லுங்கள். உங்கள் கையெழுத்தே உங்களுக்குச் சாட்சி.

போன் மாற்றிவிட்டேன். வாட்ஸ்அப் ஸ்கிரீன்ஷாட் மட்டும் இருக்கிறது.

பழைய போனை எக்ஸ்சேஞ்சில் கொடுத்துவிடவில்லையே? பத்திரமாக வையுங்கள். பிரின்ட் அவுட்டோடு சாட்சியச் சட்டம் (2023) 63-ம் பிரிவுச் சான்றிதழும் (மின்னணுப் பதிவு எந்தச் சாதனத்திலிருந்து, எப்படி எடுக்கப்பட்டது என்று உறுதிசெய்வது) கொடுத்தால் எதிர்த்தரப்பு வக்கீல் ஆட்சேபிக்க இடம் குறையும். ஒரு மெசேஜையும் அழிக்காதீர்கள், உங்களைத் திட்டியதாக இருந்தாலும்.

எனக்கு ‘கன்சல்டன்ட்’ என்று பெயர் போட்டிருக்கிறார்கள். மேனேஜர் வேலை. நான் கேட்க முடியுமா?

பெயரில் ஒன்றும் இல்லை. மாதாமாதம் ஒரே தொகை, குறிப்பிட்ட நேரத்தில் ஆஜர், லீவுக்கு அனுமதி என்றால் நீங்கள் ஊழியர் என்று வாதாட நல்ல இடம் இருக்கிறது. புதிய தொகுப்பில் மேனேஜர்களும் ஊழியர்களே. சம்பள உச்சவரம்பும் இல்லை. ராஜினாமா செய்திருந்தால் இரண்டு வேலை நாளுக்குள் பாக்கியைத் தீர்த்திருக்க வேண்டும். மனு போட மூன்று வருடம் கெடு.

“பாதிப் பணம் தர்றேன், வந்து கையெழுத்துப் போடு” என்று முதலாளி கூப்பிடுகிறார். போகலாமா?

போங்கள். ஆனால் முந்தின நாளே ஒரு மெசேஜ் தட்டிவிடுங்கள்: “அண்ணா, இன்ன மாசத்துச் சம்பளப் பாக்கி வாங்க எத்தனை மணிக்கு வரட்டும்?” “பத்து மணிக்கு வா” என்று அவர் பதில் போட்டால், உங்களை யாரென்றே தெரியாது என்று சொல்ல அவருக்கு வாய் வராது. வெள்ளைத்தாளிலோ வெற்று வவுச்சரிலோ கையெழுத்துப் போடாதீர்கள். இவ்வளவு பெற்றேன், இவ்வளவு மீதி என்று எழுதி, தேதி போட்டு, போட்டோ எடுத்துக்கொண்ட பிறகு பேனாவைத் திறங்கள்.