பத்திரத்தை அடகு வைக்காதீர்கள், மகள் கேட்பதைப் படிக்க விடுங்கள்

மதுரைப் பக்கம் திருமங்கலத்திலிருந்து ஒரு குடும்பம் என்னிடம் ஆலோசனை கேட்டு வந்தது. கம்ப்யூட்டர் சயின்ஸ் குரூப்பில் பிளஸ் டூ முடித்த மகள், சினிமாவில் புரொடக்‌ஷன் வேலைக்குத்தான் போவேன் என்கிறாள். கட்-ஆஃப் சுமார். பெரியப்பா அதற்குள் ஒரு இன்ஜினீயரிங் கல்லூரியில் மேனேஜ்மென்ட் கோட்டா சீட் பேசி வைத்துவிட்டார். வீட்டுப் பத்திரத்தை வைத்தால் பணம் ரெடி. அப்பாவுக்குத்தான் தூக்கமில்லை.

ஐயா, பயம் நியாயம்தான். ஆனாலும் நேராகவே சொல்கிறேன்: அந்தப் பத்திரத்தைத் தொடாதீர்கள். மனசு ஒட்டாத படிப்பில் அரியர் மேல் அரியர் விழுந்தால் வட்டி கட்டப்போவது நீங்கள். பெரியப்பா கல்யாண வீட்டில் பெருமை பேசுவதோடு சரி.

நிலத்தை விற்றுப் படம் எடுத்து நொடித்துப்போனவர்களை நினைத்துத்தானே பயப்படுகிறீர்கள்? அவர்கள் சொந்தப் பணத்தைப் போட்டவர்கள். உங்கள் மகள் கேட்பது, அடுத்தவர் போட்ட பணத்தை வீணாக்காமல் படத்தை முடித்துக் கொடுக்கிற வேலை. தயாரிப்பு நிர்வாகி, லைன் புரொடியூசர் என்று டைட்டிலில் பெயர் வரும், முகம் வராது.

கதை கைக்கு வந்ததும் காட்சி காட்சியாகப் பிரிப்பார்கள். எந்த இடம், பகலா இரவா, எத்தனை பேர், என்ன வண்டி. ஒரே இடத்தில் நடக்கும் காட்சிகளைச் சேர்த்து, நடிகர்களின் கால்ஷீட்டோடு பொருத்தினால் ஷெட்யூல். அதை வைத்துத்தான் பட்ஜெட். நம்ம மதுரையிலேயே பாருங்கள். திருமலை நாயக்கர் மகாலில் எடுக்க மாநிலத் தொல்லியல் துறையிடம் போக வேண்டும், கீழக்குயில்குடி சமணர் மலைக்கு மத்தியத் தொல்லியல் துறை, ஜங்ஷன் பிளாட்பாரத்துக்கு ரயில்வே. அனுமதி ஒரு நாள் தள்ளிப்போனால் ஹீரோ கால்ஷீட் போச்சு. யூனிட் மொத்தத்துக்கும் ரூம் வாடகை, சாப்பாடு, பேட்டா என்கிற தினப்படி ஓடிக்கொண்டே இருக்கும். ராத்திரி ஷூட்டிங் முடிந்து பேக்-அப் ஆனதும் வவுச்சர்களை அடுக்கி, ஜெனரேட்டர் டீசல் எவ்வளவு, ஜிஎஸ்டி பில் வந்ததா, சம்பளத்தில் டிடிஎஸ் வரி பிடித்தாச்சா என்று பார்த்து, மறுநாள் யாரை எத்தனை மணிக்கு எந்த வண்டியில் கூட்டிவருவது என்று சொல்லிவிட்டுத்தான் படுக்க முடியும்.

உங்கள் மகள் காட்டிய நோட்டை நீங்கள் சரியாகப் பார்க்கவில்லை. தெருவில் நடந்த முளைப்பாரி விழாவுக்கு அவள்தான் கணக்கு. மைக்செட், பந்தல், பூ என்று வரிசையாக எழுதி, அட்வான்ஸ், பாக்கி எல்லாம் குறித்து, கடைசிக் கட்டத்தில் ‘மழை வந்தால் யாருக்குப் போன்’ என்று ஒரு பெயர் போட்டிருக்கிறாள். அந்தக் கடைசிக் கட்டத்தை அவளுக்கு யாரும் சொல்லித்தரவில்லை. இந்தப் பிள்ளையைக் கொண்டுபோய் பிடிக்காத லேபில் உட்கார வைக்காதீர்கள்.

மதுரையிலேயே அரசு அல்லது அரசு உதவிபெறும் கல்லூரியில் பி.காம்., இல்லாவிட்டால் பிபிஏ. வீட்டிலிருந்தே போய்வரலாம். கூடவே டேலி என்கிற கணக்கு சாஃப்ட்வேர், எக்ஸெல், ஆங்கிலம். அடுத்தது கொல்கத்தாவிலுள்ள சத்யஜித் ரே திரைப்பட, தொலைக்காட்சி நிறுவனம். 1995இல் வந்த மத்திய அரசு நிறுவனம் அது. திரைப்படம், தொலைக்காட்சித் தயாரிப்புக்கென்றே அங்கே 3 ஆண்டு முதுநிலைப் படிப்பு இருக்கிறது. எந்தப் பட்டம் பெற்றவரும் நுழைவுத்தேர்வு எழுதலாம். இடங்கள் குறைவு, போட்டி கடுமை. கிடைக்காவிட்டால் சென்னையில் சீரியல் தயாரிக்கும் கம்பெனியில் அக்கவுன்ட்ஸ் பக்கமாக நுழையட்டும். நடுவில் யாராவது ‘சினிமா கோர்ஸ்’ என்று லட்சங்களில் கேட்டால் ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள்.

ஆரம்ப வருடங்களில் வருமானம் சீராக இருக்காது. ஒரு படம் முடிந்து அடுத்த படம் வரும்வரை கை காயும். அப்போது பி.காம். சோறு போடும். பெண் பிள்ளை, ராத்திரி ஷூட்டிங் என்று நீங்கள் தயங்குவதும் புரிகிறது. தங்குமிடம், வண்டி, சம்பளம் மூன்றும் எழுத்தில் வராமல் எந்த யூனிட்டுக்கும் அனுப்ப வேண்டாம். 10 பேரோ அதற்கு மேலோ வேலை பார்க்கும் இடத்தில் உள் புகார்க் குழு இருந்தாக வேண்டும் என்று, வேலையிடத்தில் பெண்களுக்கு நடக்கும் பாலியல் தொல்லையைத் தடுக்கும் 2013ஆம் ஆண்டுச் சட்டம் சொல்கிறது. இருக்கிறதா என்று முதல் நாளே கேட்கச் சொல்லுங்கள்.

சீட் வேண்டாம் என்று பெரியப்பாவிடம் இன்றைக்கே சொல்லிவிடுங்கள். அட்வான்ஸ் கட்டிவிட்டால் திரும்ப வாங்குவது பெரும்பாடு.