இரண்டாவது சபாபதி: கடிதமும் பதிலும்

அன்புள்ள ஐயா,

போன வாரம் என் தாத்தாவுக்கு போனில் ‘சபாபதி’ படம் போட்டுக் காட்டினேன். அவருக்கு எண்பத்தாறு வயது. வேலைக்காரனாக வரும் காளி என்.ரத்தினத்தைப் பார்த்துக் கண்ணில் நீர் வரச் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. எல்லாம் மிகை நடிப்பாகத் தெரிந்தது. இருபது நிமிடத்துக்கு மேல் உட்கார முடியவில்லை. எம்.ஜி.ஆரின் குரு என்று படித்ததால்தான் அவரைத் தேடினேன். அது உண்மையா? அவரைக் காமெடியன் என்பதா, குணச்சித்திர நடிகர் என்பதா? வேறு எந்தப் படத்தில் அவரைப் பார்க்கலாம்?

- காவேரிப்பட்டணத்திலிருந்து ஒரு வாசகர்

அன்புள்ள தம்பி,

தருமபுரி மாவட்டத்துப் பாப்பாரப்பட்டிப் பக்கம் இருக்கும் எங்கள் பழைய வீட்டைப் பிரிக்கப்போகிறோம். பரண்மேல் கிடந்த சாமான்களை இறக்கும்போது தாத்தாவின் பித்தளைச் செம்பு கிடைத்தது. இரண்டு நாளாகப் புளி போட்டுத் துலக்கியும் கருப்பு முழுதாகப் போகவில்லை. அந்தச் செம்பைக் கையில் வைத்துக்கொண்டுதான் உங்கள் கடிதத்தைப் படித்தேன். இல்லையென்றால் இரண்டு வரியில் பதில் எழுதி முடித்திருப்பேன்.

எம்.ஜி.ஆர். விஷயம் உண்மைதான். சிறுவர்களை வைத்து நாடகம் போட்ட மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனியில் எம்.ஜி.ஆர். சிறுவனாகச் சேர்ந்தபோது ரத்தினம் அங்கே வாத்தியார். பி.யு.சின்னப்பாவும் அந்தக் கம்பெனியில் இருந்தவர்தான். ஆனால் ஒரு மனிதரை அவருடைய மாணவருக்காகத் தேடிப் போனேன் என்று எழுதியிருக்கிறீர்களே, அது எனக்குப் பிடிக்கவில்லை. ‘சபாபதி’ வந்த 1941-இல் எம்.ஜி.ஆர். சின்னச் சின்ன வேடங்களில் தலைகாட்டிக்கொண்டிருந்தார். அவர் கதாநாயகனாக வந்த ‘ராஜகுமாரி’க்கு இன்னும் ஆறு வருடம் இருந்தது. அந்த நேரத்தில் கொட்டகைக்குக் கூட்டம் வந்தது வாத்தியார் ரத்தினத்தின் முகத்துக்காக.

காமெடியனா, குணச்சித்திரமா என்கிற பங்கீடெல்லாம் பின்னால் வந்தது. கோவலன் நாடகத்தில் காளி வேடம் போட்டுப் பேர் வாங்கியதால்தான் அவர் பெயரோடு காளி ஒட்டிக்கொண்டது. பையன்களே பெண் வேடமும் போட்ட மேடை அது. நாக்கைத் துருத்திக் காளியாக நின்ற உடம்புதான், பிறகு தோளில் துண்டு போட்ட வேலைக்காரனாகவும் வந்தது. உங்கள் இரண்டு பெட்டியில் அவரை எதில் அடைப்பீர்கள்?

சரி, மிகை நடிப்பு. இதைச் சும்மா விட முடியாது.

பாய்ஸ் கம்பெனி மேடையில் மைக் கிடையாது. கடைசியில் தரை டிக்கெட்டில் உட்கார்ந்திருப்பவன் காதில் ஒவ்வொரு எழுத்தும் விழவேண்டும். விழாவிட்டால் அவன் எழுந்து கத்துவான். நாடக மேடைப் பாடகர் எஸ்.ஜி.கிட்டப்பா மைக் இல்லாமல்தான் கூட்டத்தையே கட்டிப்போட்டார். பையன்கள் எட்டு, பத்து வயதில் கம்பெனி வீட்டில் வந்து சேர்ந்து, விடியுமுன் ஆர்மோனியத்தோடு சாதகம் பண்ணி, நூற்றுக்கணக்கான பாட்டை மனப்பாடம் செய்து, தவறினால் அடியும் வாங்கி வளர்ந்தார்கள். பதினான்கு, பதினைந்தில் தொண்டை உடைந்து மகரக்கட்டு வந்தால் ராஜபார்ட் என்கிற கதாநாயக வேடம் போய்விடும், ஸ்திரீபார்ட் என்கிற பெண் வேடமும் போய்விடும். அதற்கப்புறமும் மேடையில் நிற்க வேண்டுமென்றால் குரலை மட்டும் நம்ப முடியாது. கை, தோள், முதுகு, நடை எல்லாம் பேசவேண்டும். நீங்கள் ஆறு அங்குலத் திரையை மூக்குக்கு நேரே பிடித்துக்கொண்டு அதை மிகை என்கிறீர்கள். அந்த நடிப்பு நூறு அடி தள்ளி இருப்பவனுக்காகப் பழகியது தம்பி. படம் பிடிக்க வந்தபோது ரத்தினம் அதில் நிறையக் குறைத்துக்கொண்டுதான் வந்தார். எவ்வளவு குறைத்தார் என்பது, குறைக்கத் தெரியாமல் அந்தக் காலத்துப் படங்களில் கத்திக்கொண்டிருந்த மற்றவர்களைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்தான் தெரியும். பார்க்காமல் தீர்ப்புச் சொல்லாதீர்கள்.

என் தாத்தா தெருக்கூத்தில் கட்டியக்காரன் என்கிற கோமாளி வேடம் கட்டியவர். உங்கள் பக்கமும் திரௌபதை அம்மன் கோயிலில் பாரதம் போடுவார்கள், பார்த்திருப்பீர்கள். கர்ணனும் துரியோதனனும் கட்டை கட்டிக்கொண்டு கிரீடமும் புஜக்கட்டையுமாக வருவார்கள். கட்டியக்காரனுக்கு அதெல்லாம் இல்லை. ராஜா திரைக்குப் பின்னால் நிற்கும்போது முன்னால் வந்து கூட்டத்தைப் பிடித்து வைப்பது அவன் வேலை.

தாத்தாவுக்கு ஒரு தடுக்கல் உண்டு. ராஜாவுக்குத் தண்ணீர் கொண்டுவரும்போது கால் தடுக்கும். செம்பு கீழே விழக்கூடாது, தண்ணீர் மட்டும் இடதுபக்கம் ஒரு வீச்சாகச் சிந்தவேண்டும். இதைக் கேழ்வரகு அடிக்கும் களத்தில், மத்தியான வெயிலில் பழகுவார். ஒரே கல். முப்பது தடவை, நாற்பது தடவை. நான் கிணற்றிலிருந்து தண்ணீர் மொண்டு ஊற்றிக்கொண்டே இருப்பேன். தண்ணீர் வலதுபக்கம் சிந்திவிட்டால் முகம் இறுகிவிடும், பேசமாட்டார். திரௌபதியின் துகிலை உரியும் கதை நடக்கும் இரவன்று கூத்து முடியும்வரை பச்சைத் தண்ணீரைத் தவிர எதுவும் குடிக்கமாட்டார். திரௌபதி கதறுகிறாள், கூட்டத்தில் பெண்கள் அழுகிறார்கள், கற்பூரம் கொளுத்துகிறார்கள். அதற்கப்புறம் கட்டியக்காரன் வந்து வாயைத் திறக்கவேண்டும். அழுகிற ஜனத்தை அவமதிக்காமல் சிரிக்க வைப்பதைப் போலக் கஷ்டம் ராஜா வேடத்திலும் கிடையாது என்பார்.

அப்போது தருமபுரி சேலம் மாவட்டத்தில் இருந்தது, 1965-இல்தான் பிரிந்தது. எங்கள் பங்காளிகளோடு இருந்த நிலத் தகராறுக்கு சேலம் கோர்ட்டுக்குத்தான் அலையவேண்டும். அப்படி ஒரு வாய்தாவுக்குப் போன இடத்தில் தாத்தா ‘சபாபதி’யைப் பார்த்திருக்கிறார். முதல் நாள் ஒரு ஆட்டம், மறுநாள் இரண்டு ஆட்டம். கையிலிருந்த காசு தீர்ந்து, வழியில் கண்ட மாட்டுவண்டிகளில் ஏறி இறங்கி ஊர் வந்து சேர்ந்தாராம். கேஸ் என்ன ஆயிற்று என்று பாட்டி கேட்டால் ரத்தினத்தைப் பற்றிச் சொல்லியிருக்கிறார். பாட்டி சாகும்வரை அதைச் சொல்லித் திட்டினாள்.

பிறகு தூர்தர்ஷனில் அந்தப் படம் போட்டபோது நானும் அவர் பக்கத்தில் இருந்தேன். கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தேன். உங்களைப் போலவே, “என்ன தாத்தா, இப்படி முட்டாளா நடிக்கிறார்” என்றேன். அவர் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

“அவன் எங்கடா முட்டாளா நடிக்கிறான்? முதலாளி சொன்னதத்தான் செய்யறான். அவனுக்கு அது சரி. நீதான் தப்புன்னு பாக்கற.”

இதைப் புரிந்துகொள்ள எனக்கு இருபது வருடம் ஆயிற்று. அந்தப் படத்தில் முதலாளி பெயரும் சபாபதி, வேலைக்காரன் பெயரும் சபாபதி. முதலாளி டி.ஆர்.ராமச்சந்திரன் இருபதுகளில் இருந்த பையன். ரத்தினம் நாற்பதைத் தாண்டியவர். நாடகம் பம்மல் சம்பந்த முதலியாருடையது. வக்கீல்களும் உத்தியோகஸ்தர்களும் நடித்த சுகுண விலாச சபையை 1891-இல் தொடங்கியவர் அவர். சபைக்காரர்கள் எழுதி வைத்த வேலைக்காரனுக்கு உயிர் கொடுக்க, கம்பெனியில் அடிபட்டு வந்த ஒருவர் வேண்டியிருந்தார். படத்தை எடுத்த ஏ.வி.மெய்யப்ப செட்டியார் ரத்தினத்தைத் தேர்ந்தெடுத்ததற்கே தனியாக நன்றி சொல்லவேண்டும். சொன்ன சொல்லை அந்த வேலைக்காரன் அப்படியே எடுத்துக்கொள்கிறான். செய்து முடித்துவிட்டு வந்து நிற்கிறான் பாருங்கள், அந்த நிற்பில் ஒரு துளி சந்தேகம் கிடையாது. ‘நான் முட்டாள், என்னைப் பார்த்துச் சிரியுங்கள்’ என்று அவர் ஒரு இடத்தில்கூடக் கெஞ்சவில்லை. இன்றைக்குக் கண்ணை உருட்டிக் கெஞ்சுகிறவர்களை இயல்பான நடிகர் என்கிறீர்கள்.

ஒரு கருத்தரங்கில், பெரிய படிப்புப் படித்த ஒருவர், கட்டியக்காரன் செய்வது வெறும் கத்தல், கோணங்கித்தனம் என்று பேசினார். தாத்தா நான்காவது வரிசையில் உட்கார்ந்திருந்தார். அவரை அழைத்துப் போனவன் நான். அவர் ஒன்றும் சொல்லவில்லை. பஸ்ஸில் ஊர் வரும்வரை ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டு வந்தார். எழுந்து நான்கு வார்த்தை கேட்காமல் உட்கார்ந்திருந்தேனே என்று இன்றுவரை எனக்கு ஆறவில்லை. மிகை நடிப்பு என்ற சொல்லைப் படித்ததும் உங்கள்மேல் வந்த கோபத்தில் பாதி அந்த மனிதர்மேல் வந்தது. மீதி என்மேல். நீங்கள் அதை வாங்கிக்கொண்டதற்கு வருத்தப்படாதீர்கள்.

ரத்தினம் 1950-இல் போய்விட்டார். அதற்குப் பின் வந்த தமிழ்ச் சினிமாவின் பெரிய காலத்தில் அவர் இல்லை. என்.எஸ்.கிருஷ்ணனைப் போல ஊருக்குச் சொல்ல ஒரு கொள்கையும் அவரிடம் இருக்கவில்லை. அதனால் அவரைப் பற்றி எழுதுகிறவர்களுக்கு எழுத விஷயம் கிடைக்காமல், ‘எம்.ஜி.ஆரின் குரு’ என்று ஒரு வரியோடு நகர்ந்துவிடுகிறார்கள்.

வேறு படம் கேட்டிருக்கிறீர்கள். இப்போது வேண்டாம். இதையே இன்னொரு தடவை பாருங்கள். போனில் வேண்டாம், டிவியில் போட்டு, நான்கு அடி தள்ளி, தாத்தா பக்கத்தில் உட்கார்ந்து பாருங்கள். அவருக்கு ஜோடியாக நடித்த சி.டி.ராஜகாந்தத்தோடு ரத்தினம் வரும் இடங்களை ஓட்டிவிடாதீர்கள். இரண்டு பேரும் ஒருவருக்கொருவர் இடம் விட்டு விட்டுப் பேசுவதைக் கவனியுங்கள்.

தாத்தா கண்ணீர் வரச் சிரித்தார் என்று எழுதினீர்கள். எந்த இடத்தில் என்று எழுதவில்லையே. கேட்டு எழுதுங்கள்.