கட்சிக்காரர்கள் – கடிதம்

அன்புள்ள ஐயா,

1908இல் கிளாஸ்கோவில் ஒரு மூதாட்டியைக் கொன்றதாகத் தண்டிக்கப்பட்ட ஆஸ்கர் ஸ்லேட்டரின் வழக்கு பற்றிய உங்கள் கட்டுரையைப் படித்தேன். ஸ்லேட்டரின் மேல்முறையீட்டில் வாதாடிய ஸ்காட்லாந்து வக்கீல் கிரெய்கி எய்ச்சிசன், ‘பின்னால் அரசியலுக்குப் போய் நீதிபதியும் ஆனார்’ என்று ஒரே வரியில் முடித்துவிட்டீர்கள். எனக்கு அந்த வரிதான் உறுத்துகிறது. ஒரு கட்சியின் எம்.பி.யாக இருந்தவர் அங்கிருந்து எழுந்துபோய் நீதிபதி நாற்காலியில் உட்காரலாமா? அவரைப் பற்றி இன்னும் கொஞ்சம் எழுதுங்களேன்.

கே., தென்காசி

அன்புள்ள கே.,

ஒரு வரியில் தாண்டிப் போனது என் சோம்பல்தான். ஆனால் அவர் மட்டும் அந்த வழியில் போகவில்லை. அன்றைய ஸ்காட்லாந்தில் அது போட்டு வைத்த ராஜபாட்டை.

லார்ட் அட்வகேட் என்று அங்கே ஒரு பதவி உண்டு. அரசுக்குச் சட்ட ஆலோசனை சொல்பவரும், குற்ற வழக்குகளைத் தொடுப்பவரும், அந்தக் காலத்தில் பெரும்பாலும் ஆளுங்கட்சி எம்.பி.யும் அவரே. நீதிபதி இடம் காலியானால் யாரைப் போடலாம் என்று சொல்வதிலும் அவர் கை இருந்தது. நல்ல இடமாக வந்தால் அதில் தானே போய் அமர்ந்துகொள்வது வழக்கம். பந்தியில் பரிமாறுபவர் முதல் வடையைத் தன் இலையில் வைத்துக்கொள்வது மாதிரி.

உங்கள் சந்தேகத்துக்குச் சரியான உதாரணம் எய்ச்சிசன் அல்ல, அலெக்சாண்டர் யூர். 1909இல் ஸ்லேட்டருக்கு எதிராக அரசு தரப்பில் நின்ற லார்ட் அட்வகேட். லிபரல் கட்சியின் பெரிய மேடைப் பேச்சாளர். ஜூரி முன்னால் கையில் குறிப்பே இல்லாமல் பேசினார். பத்திரிகையில் தன் பெயர் வந்ததும் ஸ்லேட்டர் கிளாஸ்கோவை விட்டு ஓடினார் என்றார். ஸ்லேட்டர் கிளம்பியபோது அவர் பெயர் எந்தப் பத்திரிகையிலும் வந்திருக்கவில்லை. 15 பேர் கொண்ட ஜூரியில் ஒன்பது பேர் குற்றவாளி என்றார்கள், ஐந்து பேர் ‘நிரூபிக்கப்படவில்லை’ (அன்று அதுவும் விடுதலைதான்) என்றார்கள், ஒருவர் மட்டும் நிரபராதி என்றார். அந்தக் காலத்தில் அங்கே எட்டு பேர் சொன்னாலே போதுமாக இருந்தது. தூக்குக்கு இரண்டு நாள் முன்பு தண்டனை ஆயுளாகக் குறைந்தது. ஸ்லேட்டர் 18 வருடத்துக்கு மேல் உள்ளே கிடந்தார். யூர் 1913இல் ஸ்காட்லாந்தின் தலைமை நீதிபதி ஆனார்.

சரி, எய்ச்சிசனுக்கு வருவோம். 1882இல் ஃபால்கிர்க்கில் ஒரு பாதிரியார் வீட்டில் பிறந்தவர். எடின்பரோவில் படித்து 1907இல் வக்கீலானார். அவர் பெயர் நிற்பது இரண்டு கட்சிக்காரர்களால். ஒருவர் ஸ்லேட்டர். இன்னொருவனை நான் கட்டுரையில் சொல்லவில்லை.

அவன் டொனால்ட் மெரட். 1926இல் எடின்பரோவில் வீட்டில் மேஜை முன் உட்கார்ந்திருந்த அவன் அம்மா தலையில் குண்டு பாய்ந்து, இரண்டு வாரம் கிடந்து செத்துப்போனார். பையனுக்கு அப்போது 17 வயது. அம்மா கையெழுத்தைப் போட்டு காசோலைகளை மாற்றிக்கொண்டிருந்தவன். தற்கொலையாகவும் இருக்கலாம் என்று 1927இல் எய்ச்சிசன் வாதாடினார். கொலைக் குற்றம் ‘நிரூபிக்கப்படவில்லை’ என்று தீர்ப்பு. காசோலை மோசடிக்கு மட்டும் 12 மாதம். அதே மெரட் 1954இல் வேறு பெயரில் வந்து மனைவியையும் மாமியாரையும் கொன்றான், அப்புறம் ஜெர்மனியில் தன்னைத் தானே சுட்டுக்கொண்டான். எய்ச்சிசன் அதைப் பார்க்கவில்லை, 1941லேயே இறந்துவிட்டார்.

ஸ்லேட்டர் மேல்முறையீடு 1928 ஜூலையில் நடந்தது. விசாரித்த ஐந்து நீதிபதிகளில் தலைமை வகித்த கிளைடும், ஆல்னஸும் முன்னாள் எம்.பி.க்கள், முன்னாள் லார்ட் அட்வகேட்டுகள். உங்கள் கணக்குப்படி அங்கே நியாயம் கிடைத்திருக்கவே கூடாது. பாதி கிடைத்தது என்பேன். ஸ்லேட்டரின் சாட்சியத்தைக் கேட்க மறுத்தார்கள். அவர் கோபத்தில் மேல்முறையீடே வேண்டாம் என்கிற அளவுக்குப் போனார். கடைசியில், 1909இல் வழக்கை விசாரித்த நீதிபதி ஸ்லேட்டரின் நடத்தையைப் பற்றி ஜூரிக்குத் தவறாகச் சொன்னார் என்ற ஒரே காரணத்துக்காகத் தண்டனையை ரத்து செய்தார்கள். நிரபராதி என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை. பழைய நண்பர்களை நோகடிக்காமல் எழுதிய தீர்ப்பு என்பது என் எண்ணம்.

அடுத்த வருடமே, கட்சிக்காரருக்காக வாதாடியவர் தானே கட்சிக்காரர் ஆகி நின்றார். முதலில் லிபரலாகத் தேர்தலில் நின்று தோற்றவர், பிறகு லேபர் (தொழிலாளர்) கட்சி. 1924இல் அமைந்த முதல் லேபர் அரசுக்கு லார்ட் அட்வகேட் பதவிக்குத் தன் கட்சியில் ஆளே கிடைக்கவில்லை, வெளியிலிருந்து ஒருவரைப் போட்டார்கள். எனவே 1929இல் எய்ச்சிசனுக்குப் பதவி முதலில் வந்தது, கில்மார்னாக் தொகுதி பின்னால் வந்தது! 1931இல் லேபர் உடைந்தபோது பிரதமர் மெக்டொனால்டோடு போனார், பதவி தப்பியது. இதை நான் மெச்ச மாட்டேன். 1933இல் ஆல்னஸ் விலகிய இடத்தில் ஸ்காட்லாந்தின் இரண்டாவது பெரிய நீதிபதியாக அமர்ந்தார்.

மறு வருடம் அபர்தீனில் எட்டு வயதுச் சிறுமியைக் கொன்றதாக ஜீனி டொனால்ட் என்ற பெண்மீது வழக்கு. விசாரித்தவர் எய்ச்சிசன். ஜூரி குற்றவாளி என்றது. மற்றவர்களைத் தூக்கிலிருந்து காப்பாற்றிப் பெயரெடுத்தவர், தன் வாயாலேயே தூக்கு என்று படிக்க வேண்டியிருந்தது. அந்தத் தண்டனையும் பிறகு குறைக்கப்பட்டது. ஜீனி 1944இல் வெளியே வந்தார்.